ஈயத்தில் கீறிய கேள்விகள்

லைசானியாஸ் என்பவருக்கு ஒரு சந்தேகம். அன்னுலா சுமக்கும் பிள்ளை தன்னுடையதுதானா? அக்கம்பக்கத்தில் வாய்விட்டுக் கேட்கக்கூடிய விஷயமில்லை. கிரேக்கத்தின் வடமேற்கு மூலையில், ஒரு மலையடிவாரத்தில் நின்ற ஓக் மரத்தடிக்குப் போய், சிறிய ஈயத் தகட்டில் அதைக் கீறி, ஜீயஸிடமும் அவர் துணைவி டயோனியிடமும் கேட்டார். ஏஜிஸ் என்ற இன்னொருவருக்குப் போர்வைகளும் தலையணைகளும் காணாமல் போயிருந்தன. வெளியாள் யாராவது திருடினானா என்பது அவர் கேள்வி. ஆடு வளர்த்தால் நல்லதா என்று க்ளியோட்டாஸ் கேட்டார். கெரியோட்டோன் என்பவருக்குக் கல்யாணம் செய்துகொள்ளலாமா என்று தெரியவேண்டியிருந்தது.

இவர்கள் போன இடம் டோடோனா. கிரேக்கர்கள் குறி கேட்கப் போன தலங்களில் டெல்ஃபிக்குத்தான் உலகப் புகழ். அங்கே முக்காலியில் அமர்ந்து வாக்குச் சொன்ன பிதியாவைப் பற்றி எழுதியவர்கள் ஏராளம். ஆனால் கிரேக்க மண்ணிலேயே மூத்த வாக்குத் தலம் எது என்றால், வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் கைகாட்டியது டோடோனாவை. எபிரஸ் பகுதியில், இன்றைய அயோனினா நகருக்குத் தென்மேற்கே, 1,974 மீட்டர் உயரமுள்ள தோமரோஸ் மலைக்குக் கீழே அந்தப் பள்ளத்தாக்கு இருக்கிறது. கிரேக்கத்தில் மழை மிகுந்த பகுதிகளில் ஒன்று அது. இடியும் மின்னலும் ஜீயஸின் ஆயுதங்கள் என்று நம்பிய மக்கள், அடிக்கடி இடி முழங்கும் ஒரு மலைக்கடியில் அவருக்கு வீடு கொடுத்ததில் வியப்பில்லை.

வீடு என்றுகூடச் சொல்ல முடியாது. பல நூற்றாண்டுகள் அங்கே கோயிலே கிடையாது. மரம்தான் கோயில். கி.மு. 4ஆம் நூற்றாண்டு வாக்கில்தான் அதன் பக்கத்தில் கல்லால் ஒரு சிறிய சன்னிதி எழுந்தது.

புராணத்தில் டோடோனா வரும் இடங்களெல்லாம் பெரிய இடங்கள். இலியட் காவியத்தில், தன் உயிர்த் தோழன் பட்ரோக்ளஸைப் போருக்கு அனுப்பும் நேரத்தில் அக்கிலீஸ் கும்பிடுவது தொலைவில் குளிர் வாட்டும் டோடோனாவில் ஆளும் ஜீயஸை. அந்தத் தெய்வத்தின் பூசாரிகளான செல்லோய்கள் கால் கழுவாதவர்கள், தரையில் படுத்துறங்குபவர்கள் என்று ஹோமர் சொல்கிறார். மண்ணோடு உடம்பின் தொடர்பு அறுபடக்கூடாது என்ற விரதமாக ஆய்வாளர்கள் பலர் இதைப் பார்க்கிறார்கள். அக்கிலீஸ் வேண்டியதில் பாதி பலித்தது. பட்ரோக்ளஸ் எதிரிகளைக் கப்பல்களிலிருந்து துரத்தினான்; உயிரோடு திரும்பவில்லை.

ஜேசனும் தோழர்களும் தங்கக் கம்பளியைத் தேடிப் போன ஆர்கோ கப்பலில் டோடோனா ஓக்கின் ஒரு துண்டை அத்தீனா பொருத்தினாள். அந்தக் கட்டை பேசியது. ஜேசனோடு வந்த மெடியாவின் சகோதரனைக் கொன்ற பாவம் தீர, சூனியக்காரி கிர்க்கியிடம் போய்ச் சுத்தி செய்துகொள்ளுங்கள் என்று நடுக்கடலில் அது மாலுமிகளை எச்சரித்ததாக ரோட்ஸ் தீவின் அப்பல்லோனியஸ் எழுதினார். மரத்தை வெட்டி, இழைத்து, ஆணி அடித்து, உப்புத் தண்ணீரில் மிதக்கவிட்ட பிறகும் வாக்கு அதிலேயே தங்கியிருக்கும் என்ற கற்பனை எனக்கு மிகவும் பிடித்தது. சோஃபோக்ளிஸின் நாடகமொன்றில் ஹெராக்ளிஸுக்கு டோடோனா சொன்ன வாக்கு, குறிப்பிட்ட காலத்துக்குப் பின் உன் துன்பம் தீரும் என்பது. அவர் அதை ஓய்வு என்று எடுத்துக்கொண்டார். தீர்ந்தது அவர் ஆயுள்.

இவற்றையெல்லாம்விட முக்கியமாக எனக்குப் படுவது ஒடிசியில் வரும் ஒரு சிறு தகவல். இருபது வருடம் கழித்துப் பிச்சைக்கார வேடத்தில் ஊர் திரும்பிய ஒடிசியஸ், தன்னைப் பற்றித் தானே ஒரு பொய்க்கதை சொல்கிறார். ஒடிசியஸ் உயிரோடிருக்கிறார், ஜீயஸின் ஓக் மரத்திடம் யோசனை கேட்க டோடோனா போயிருக்கிறார் என்கிறார். என்ன யோசனை? ஊருக்கு வெளிப்படையாகத் திரும்புவதா, மறைவாகத் திரும்புவதா. திரும்புவேனா என்று அவர் கேட்கவில்லை. இரண்டு வழியில் எது என்று கேட்கிறார். இதை மனத்தில் வைத்துக்கொள்வோம்.

மரம் எப்படிப் பேசியது என்பதில் பழைய எழுத்தாளர்களுக்குள் ஒற்றுமை இல்லை. இலைகளின் சலசலப்பு என்றனர் சிலர், கிளையில் அமர்ந்த புறாக்கள் என்றனர் சிலர், வேரடியில் பொங்கிய ஊற்று என்றும் பிற்காலத்தில் ஒரு பேச்சு உண்டு. எகிப்தின் தீப்ஸ் நகரிலிருந்து இரண்டு கருப்புப் புறாக்கள் பறந்து வந்ததாகவும், ஒன்று லிபியாவிலும் மற்றொன்று டோடோனாவின் ஓக்கிலும் இறங்கி, இங்கே வாக்குத் தலம் அமையவேண்டும் என்று மனிதக் குரலில் சொன்னதாகவும் தல வரலாறு. இதை ஹெரோடோட்டஸுக்குச் சொன்னவர்கள் அங்கிருந்த பெண் பூசாரிகள். ப்ரோமெனியா, டிமரெட்டி, நிக்கான்ட்ரா என்று மூவர் பெயரையும் அவர் குறித்து வைத்தார். அவர் காலத்துக்குள் கால் கழுவாத ஆண்களின் இடத்துக்குப் பெண்கள் வந்துவிட்டார்கள்.

கதையைக் கேட்டுக்கொண்ட ஹெரோடோட்டஸ், புறா எப்படி மனிதக் குரலில் பேசும் என்று கேட்டுவிட்டுத் தன் விளக்கத்தையும் சேர்த்தார். ஃபினீசிய வணிகர்கள் எகிப்தியப் பூசாரிப் பெண்களைக் கடத்தி விற்றிருப்பார்கள். அவர்களில் ஒருத்தி இங்கே வந்து சேர்ந்திருப்பாள். அவள் பேசிய அயல்மொழி ஊர்க்காரர்களுக்குப் பறவையின் கீச்சொலி போலக் கேட்டிருக்கும். கிரேக்க மொழி கற்றதும் புறா மனிதக் குரலில் பேசியது என்றிருப்பார்கள். கருப்புப் புறா என்றது அவள் நிறத்தை. புராணத்துக்குப் பின்னால் ஒரு நடந்த சம்பவத்தைத் தேடும் ஆசைக்கு இது மிகப் பழைய எடுத்துக்காட்டுகளில் ஒன்று. கெட்டிக்காரத்தனமான விளக்கம்தான். ஆனால் விளக்கம் பொருந்துகிறது என்பதற்காகச் சம்பவம் நடந்ததாகிவிடாது. இன்றும் புராணங்களுக்கு அறிவியல் விளக்கம் எழுதுகிறவர்கள் இதே குழியில்தான் விழுகிறார்கள்.

இலைச் சலசலப்பில் சொற்கள் கேட்பது மட்டும் விளக்கத்துக்குக் கட்டுப்பட்டது. காற்றில் ஆயிரக்கணக்கான இலைகள் உரசும்போது எழுவது பல அதிர்வெண்கள் ஒன்றாகக் கலந்த இரைச்சல். ஓடும் மின்விசிறியும் கொட்டும் அருவியும் அந்த வகைதான். மனித மூளை பேச்சைப் பிடிப்பதற்கென்றே பழகியது. அரைகுறையாக வரும் ஒலியில் விட்டுப்போன பகுதியை அது தானே நிரப்பிக்கொள்கிறது. தெரு இரைச்சலுக்கு நடுவே நண்பர் பேசுவது நமக்குப் புரிவது இதனால்தான். இரைச்சலில் பேச்சே இல்லாதபோதும் அந்த வேலை நிற்பதில்லை. பல நாள் நடந்து, விரதமிருந்து, ஒரு பதிலுக்காகவே காதைத் தீட்டிக்கொண்டு நிற்பவருக்கு, எதிர்பார்க்கும் சொல் கேட்பது எளிது. ஏமாற்று வேலை எதுவும் இதற்குத் தேவையில்லை.

இலைகளோடு வெண்கலமும் ஒலித்தது. முக்காலிகள்மேல் வைத்த வெண்கலக் கொப்பரைகள் ஒன்றையொன்று தொட்டபடி மரத்தைச் சுற்றி நின்றன, ஒன்றைத் தட்டினால் அதிர்வு வரிசையாகக் கடந்து எல்லாம் ஒலித்தன என்பது ஒரு பழைய குறிப்பு. கோர்கைரா தீவினர், அதாவது இன்றைய கோர்ஃபுக்காரர்கள், ஒரு பொம்மை காணிக்கை வைத்தார்கள். சாட்டை பிடித்த ஒரு சிறுவன், பக்கத்தில் ஒரு கொப்பரை. காற்றடித்தால் சாட்டையின் சங்கிலிகள் கொப்பரையில் மோதி ஓயாமல் ஒலிக்கும். நிறுத்தாமல் பேசுகிறவனுக்கு டோடோனா வெண்கலம் என்று கிரேக்கத்தில் பட்டப்பெயரே உண்டாயிற்று.

வெண்கலத்தில் பெரும்பகுதி உருக்கப்பட்டுப் போயிற்று. மரம் போயிற்று. மிஞ்சியது ஈயம், அதுவும் அதன் மலிவால்.

ஏதென்ஸுக்குத் தெற்கே லாரியன் சுரங்கங்களில் கிரேக்கர்கள் வெள்ளி எடுத்தார்கள். அந்தத் தாது பெரும்பாலும் ஈய சல்ஃபைடு. வெள்ளி அதில் சிறு பங்குதான். எனவே வெள்ளி வெட்டிய இடங்களில் ஈயம் மலையாய்க் குவிந்தது. அது 327 டிகிரி செல்சியஸில் உருகிவிடும், விறகு நெருப்பே போதும். சுத்தியலால் தட்டினால் தகடாகும். கூர்மையான இரும்பு முனையால் நகத்தால் கீறுவதுபோல் எழுதலாம். எழுதியதைத் தட்டி மழுக்கிவிட்டு மேலேயே திரும்ப எழுதலாம். டோடோனாத் தகடுகளில் நிறைய அப்படி இரண்டு மூன்று முறை பயன்பட்டவை. மண்ணுக்குள் போன ஈயத்தின் மேற்பரப்பில் ஆக்ஸைடும் கார்பனேட்டும் சேர்ந்து ஒரு தோல் படிகிறது. அந்தத் தோல் உள்ளிருக்கும் உலோகத்தை மேற்கொண்டு அரிக்கவிடுவதில்லை. பப்பைரஸும் மெழுகுப் பலகையும் மட்கிப் போகும் ஈரமண்ணில் ஈயம் இரண்டாயிரம் ஆண்டுகளைத் தாண்டி வந்தது இப்படித்தான்.

இதுவரை 4,200-க்கும் அதிகமான எழுத்துப் பொறிப்புகள் படிக்கப்பட்டிருக்கின்றன. மிகப் பழையவை கி.மு. 6ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியைச் சேர்ந்தவை, கி.மு. 2ஆம் நூற்றாண்டோடு வரிசை முடிகிறது. எழுத்தின் வடிவம் காலத்தைக் காட்டுகிறது, பேச்சுவழக்கு ஊரைக் காட்டுகிறது. சுற்றுவட்டாரத்தின் வடமேற்குக் கிரேக்க வழக்கில் எழுதியவர்களே மிகுதி. தெஸ்ஸாலி, போயோஷியா வழக்குகளும் இடையிடையே தலைகாட்டுகின்றன. அடிமை ஒருவர், எஜமானர் வாக்களித்த விடுதலை கிடைக்குமா என்று கேட்கிறார். ஒருவருக்குக் கண்வலி. ஹெர்மோன் என்பவருக்கு ஏற்கெனவே பிள்ளைகள் உண்டு, போதவில்லை போலும். எந்தத் தெய்வத்தை நாடினால் க்ரெட்டையாவிடம் உபயோகமான பிள்ளை பிறக்கும் என்று வலமும் இடமுமாக மாறிமாறிச் செல்லும் பழைய பாணி வரிகளில் எழுதியிருக்கிறார். அரசியலும் இல்லாமல் இல்லை. ஊருக்குள் ஒற்றுமை நிலவ எந்தத் தெய்வத்துக்குப் பலியிட வேண்டும் என்று கோர்கைரா மக்கள் கேட்டார்கள். உள்ளூர்க்காரர்களான டோடோனா மக்களுக்கு வானிலைக் கவலை: இந்தக் கடும் மழைக்குளிரைத் தெய்வம் அனுப்பியது யாரோ ஒருவரின் தீட்டாலா? அக்கிலீஸ் வந்த தகடு எதுவும் இல்லை.

பதில்கள் மிகமிகக் குறைவு. கேட்டவர் தகட்டை அங்கேயே விட்டுவிட்டுப் பதிலை வாய்மொழியாகக் கொண்டுபோனார் என்பதுதான் இதற்கு இயல்பான விளக்கம். ஆகவே குறி பலித்ததா இல்லையா என்ற கணக்கை நாம் போட முடியாது. போட முடிந்தாலும் அதில் பெரிய பயன் இருக்குமா என்பது என் ஐயம். பதிலைவிடச் சுவாரசியமானது கேள்வியின் அமைப்பு.

தகடுகளில் திரும்பத் திரும்ப வருவது இரண்டே அச்சுகள். ஒன்று, இதைச் செய்தால் எனக்கு நல்லதா, கூடுதல் நன்மையா என்பது. மற்றொன்று, எந்தத் தெய்வத்தைக் கும்பிட்டால் இது நடக்கும் என்பது. நாளை என்ன நடக்கும் என்று மொட்டையாகக் கேட்கும் ஆள் அபூர்வம். முதல் அச்சில், கேட்பவரே வழிகளை முன்கூட்டி ஒன்றிரண்டாகக் குறுக்கிவிடுகிறார். ஒடிசியஸின் பொய்க்கதையில் வந்த வெளிப்படையா, மறைவா என்பது இதே அச்சுதான். காவியப் புலவர் தம் வீரனின் வாயில் வைத்த கேள்வியும் ஆட்டுக்காரர் க்ளியோட்டாஸின் கேள்வியும் ஒரே பட்டறையில் வார்த்தவை. இரண்டாம் அச்சில் காரியத்தைச் செய்வது என்ற முடிவு முன்பே எடுத்தாகிவிட்டது. தெய்வத்துக்கு மிஞ்சியது வழிமுறை சொல்லும் வேலை.

இந்தத் தந்திரம் கிரேக்கர்களுக்கே தெரிந்திருந்தது. பாரசீக இளவரசர் ஒருவரின் படையெடுப்பில் கூலிப்படையோடு சேரலாமா என்று கேட்டு வா என சாக்ரடீஸ் சொல்லி அனுப்ப, டெல்ஃபிக்குப் போன செனஃபோன், எந்தத் தெய்வங்களுக்குப் பலியிட்டால் பயணம் நல்லபடி முடியும் என்று கேட்டுவிட்டுத் திரும்பினார். போகலாமா என்றல்லவா முதலில் கேட்டிருக்கவேண்டும் என்று சாக்ரடீஸ் கடிந்துகொண்டார். அதைச் செனஃபோனே எழுதி வைத்திருக்கிறார்.

குறியைச் சோதித்துப் பார்த்தவரும் உண்டு. லிடியா அரசர் குரோசஸ் டெல்ஃபி, டோடோனா உட்பட ஏழு தலங்களுக்குத் தூதர்களை அனுப்பினார். தலைநகரிலிருந்து கிளம்பிய நூறாவது நாள், அரசர் இந்த நேரத்தில் என்ன செய்துகொண்டிருக்கிறார் என்று எல்லாரும் கேட்கவேண்டும். அன்று அவர் யாரும் ஊகிக்க முடியாதபடி ஆமைக்கறியையும் ஆட்டுக்குட்டிக் கறியையும் வெண்கலப் பாத்திரத்தில் சேர்த்து வேகவைத்தார். டெல்ஃபி சரியாகச் சொன்னது, ஆம்ஃபியரஸ் தலத்தின் பதிலும் அரசருக்குத் திருப்தி தந்தது, மற்றவை என்ன சொல்லின என்பதைச் சொல்வார் இல்லை என்கிறார் ஹெரோடோட்டஸ். சோதனையின் அமைப்பு பாராட்டத்தக்கது: ஒரே நாள், ஒரே கேள்வி, ரகசியமான விடை. முடிவைச் சொல்லிப் பரப்பியது எந்தத் தலம் என்று ஊகிக்கப் பெரிய புத்தி தேவையில்லை.

ஆம் அல்லது இல்லை என்று பதில் சொல்லக்கூடிய கேள்விகளுக்கு மரத்தின் முணுமுணுப்பு தேவையே இல்லை, சீட்டுக் குலுக்கினால் போதும். அப்படி நடந்ததற்கு ஒரு சாட்சி ரோமானியரான சிசரோவின் எழுத்தில் இருக்கிறது. கி.மு. 371இல் லியூக்ட்ரா போருக்கு முன் ஸ்பார்ட்டாவின் தூதர்கள் டோடோனாவுக்கு வந்தார்கள். சீட்டுகள் இருந்த பாத்திரத்தை வைத்தார்கள். எபிரஸ் பகுதியின் மொலோசிய அரசர் ஆசையாக வளர்த்த குரங்கு ஒன்று எங்கிருந்தோ பாய்ந்து, சீட்டுகளையும் அங்கிருந்த மற்றப் பொருள்களையும் நாலாபுறமும் சிதறடித்துவிட்டது. வெற்றியை மறந்துவிட்டு உயிர் பிழைப்பதைப் பாருங்கள் என்றாள் பூசாரிப் பெண். லியூக்ட்ராவில் தீப்ஸ் நகரப் படையிடம் ஸ்பார்ட்டா தோற்றது, பிறகு பழைய வலிமைக்குத் திரும்பவேயில்லை. குரங்கு குலைத்த சடங்கையும் வாக்காக மாற்றிய அந்தப் பெண்ணின் சமயோசிதத்தைத்தான் நான் முதலில் கவனிப்பேன்.

சீட்டெடுப்பது முட்டாள்தனம் என்று ஒதுக்குவதற்கு முன் மானிடவியலாளர்கள் சொல்வதைக் கேட்கலாம். கனடாவின் நஸ்காப்பி வேட்டையர்கள் விலங்கின் தோள்பட்டை எலும்பைத் தீயில் வாட்டி, விழும் விரிசலைப் பார்த்து எந்தத் திசையில் வேட்டைக்குப் போவது என்று முடிவெடுத்தார்கள். போன முறை கறி கிடைத்த இடத்துக்கே திரும்பத் திரும்பப் போகும் பழக்கத்தை இது உடைக்கிறது, விலங்குகள் வேட்டையர் வருகையைக் கணிக்க முடியாமல் போகிறது என்று 1957இல் ஓமர் கய்யாம் மூர் என்ற சமூகவியலாளர் வாதிட்டார். அந்த வாதத்துக்கு மறுப்பும் வந்தது. ஆப்பிரிக்காவின் அசாண்டே மக்களிடையே வாழ்ந்த எவன்ஸ்-பிரிட்சர்ட், கோழிக்கு நஞ்சூட்டிக் குறி பார்க்கும் அவர்கள் வழக்கத்தைத் தாமும் பின்பற்றி வீட்டுக் காரியங்களை நடத்தினார். வேறெந்த வழியையும்விட அது மோசமில்லை என்று 1937இல் வந்த நூலில் எழுதினார்.

ஆடு வளர்ப்பதில் வேட்டை போன்ற கண்ணாமூச்சி இல்லை என்பதால், மூரின் விளக்கம் டோடோனாவுக்கு அப்படியே பொருந்தாது. அங்கே நடந்தது வேறு என்று நினைக்கிறேன். கல்யாணம், தொழில், பயணம் எதிலுமே விவரம் முழுதும் கையில் கிடைத்த பிறகு முடிவெடுப்பது என்பது இல்லை. இரண்டு பக்கமும் சமமாகத் தோன்றும் நிலையில் மனிதர் வருடக்கணக்கில் தத்தளிக்கலாம். குறி அந்தத் தத்தளிப்பை முடித்துவைத்தது. முடிவு தப்பானால் பழி முழுக்கத் தன்மேல் விழாது, வீட்டாரும் எதிர்த்துப் பேச மாட்டார்கள். இந்தத் தகடுகளை 2007இல் விரிவாக ஆராய்ந்த எஸ்தர் ஐடினோவ், அவற்றை இடர்ப்பாட்டைக் கையாளும் வழியாகவே படிக்கிறார். கேள்வியைத் தகட்டில் ஒற்றை வாக்கியமாகச் சுருக்கி எழுதும் வேலையே பாதிக் குழப்பத்தைத் தீர்த்திருக்கும் என்பது என் சொந்தச் சேர்க்கை.

டெல்ஃபியைப் போல நாடுகளின் போர்களுக்கும் குடியேற்றங்களுக்கும் நடுவில் டோடோனா நிற்கவில்லை. ஆனாலும் அரசியல் தொடாமல் விடவில்லை. எபிரஸ் அரசர் பிர்ரஸ் கி.மு. 3ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே பதினேழாயிரம் பேர் அமரக்கூடிய திறந்தவெளி அரங்கைக் கட்டினார். கி.மு. 219இல் ஏட்டோலியர்கள் தலத்தை எரித்தார்கள். மீண்டும் கட்டினார்கள். கி.மு. 167இல் ரோமானியப் படை எபிரஸின் எழுபது ஊர்களைச் சூறையாடி ஒன்றரை லட்சம் பேரை அடிமைகளாகப் பிடித்துச் சென்றது. அந்தக் காலத்தோடு தகடுகளும் நின்றுபோகின்றன, கேட்க ஆளில்லை. கி.பி. 4ஆம் நூற்றாண்டின் இறுதியில் பேரரசர் தியோடோசியஸ் பழைய வழிபாடுகளைத் தடைசெய்ததும் மரமும் போயிற்று. கி.பி. 431இல் எபேசஸ் திருச்சபைக் கூட்டத்தில் டோடோனாவின் ஆயர் கலந்துகொண்டார்.

அதன்பின் இடமே மறந்துபோனது. 1870களில், அப்பகுதி ஒட்டோமான் ஆட்சியில் இருந்தபோது, கான்ஸ்டான்டினோஸ் கராபனோஸ் என்ற செல்வர் அங்கே தோண்டி, முதல் தகடுகளை எடுத்து 1878இல் பிரெஞ்சு மொழியில் வெளியிட்டார். பெரும்பாலான தகடுகள் கிடைத்தது 1929 முதல் எவாங்கெலிடிஸ் நடத்திய அகழ்வுகளில். அவருக்குப் பின் டக்காரிஸ், வோகோடோபூலூ, கிறிஸ்டிடிஸ் மூவரும் பல ஆண்டுகளை அவற்றைப் படிப்பதில் செலவிட்டார்கள். 2013இல் இரண்டு தொகுதிகளாக நூல் வெளிவந்தபோது மூவரில் ஒருவரும் உயிருடன் இல்லை. 2023இல் தகடுகள் யுனெஸ்கோவின் உலக நினைவகப் பட்டியலில் சேர்ந்தன.

படிப்பு முடிந்துவிடவில்லை. பல தகடுகள் மடித்தோ சுருட்டியோ கிடைத்தவை, பிரிக்கும்போதே விளிம்புகள் நொறுங்குகின்றன. மழுக்கி மேலெழுதிய தகடுகளில் கல்யாணக் கேள்வியின் மிச்ச எழுத்தும் அதற்கு மேல் கீறிய வியாபாரக் கேள்வியும் பின்னிக் கிடக்கின்றன. வெளிச்சத்தைச் சாய்வாகப் பாய்ச்சி, கீறலின் நிழலைப் பார்த்து, எந்தக் கோடு யாருடையது என்று பிரிக்கவேண்டும். 2013 தொகுதிகளில் ஒரு விதமாக வாசிக்கப்பட்ட வரிகளை வேறு விதமாக வாசித்துத் திருத்தும் கட்டுரைகள் இன்றும் வந்துகொண்டிருக்கின்றன.